நெருப்பு என்று ஒரு பெயர்

பிள்ளை பிறந்துவிட்டால் பெயர் வைக்கிறோம். பாலுக்குக் காசு வேண்டும். சட்டைக்குக் காசு வேண்டும். பள்ளிக்கூடத்துக்கு அனுப்பக் காசு வேண்டும். பெயருக்கு மட்டும் காசு வேண்டாம். பஞ்சையின் குடிசையிலும் பஞ்சமில்லாமல் கிடைக்கும் அணிகலன் அது ஒன்றுதான். ஆகவேதான் உலகின் எந்த மூலைக்குப் போனாலும், பெற்றவர்கள் பெயரில் கருமித்தனம் காட்டுவதில்லை. புகழ் என்பார்கள், வெற்றி என்பார்கள், அமைதி என்பார்கள். தங்கள் ஆசையையெல்லாம் திரட்டி அந்தச் சின்னஞ்சிறு தலையிலே சூட்டிவிடுவார்கள்.

சூட்டுவது எளிது. சூட்டிய பெயருக்கு ஏற்ப அவன் வாழ வழி செய்வது எளிதா? அதுதான் கேள்வி. அந்தக் கேள்விக்கு விடை தேட இன்று நாம் கொஞ்ச தூரம் போக வேண்டும், தோழர்களே! கடல் கடந்து ஐரோப்பாவுக்கு. அங்கே ஏட்ரியாட்டிக் கடலோரத்தில் பிறை நிலவைப் போல் வளைந்து கிடக்கும் குரோவேஷியா நாட்டுக்கு.

கால்பந்து பார்க்கிற தோழர்களுக்கு அந்த நாட்டைத் தெரியும். 2018-ஆம் ஆண்டு உலகக் கோப்பைப் பந்தயத்தில் இறுதி ஆட்டம் வரை வந்து, பிரான்சிடம் தோற்ற நாடு. 2021-ஆம் ஆண்டுக் குடிக்கணக்கில் நாற்பது லட்சம் பேர்கூடத் தேறவில்லை. நம் பெருநகரம் ஒன்றின் மக்கள் தொகைகூட இல்லை. ஆனால் அந்தச் சின்ன நாட்டின் பெயர்களுக்குப் பின்னே பெரிய கதைகள் இருக்கின்றன.

அங்கே ஆண் பிள்ளைக்கு வைக்கும் பெயர்களில் ஒன்று, வத்ரோஸ்லாவ். 'வத்ரா' என்றால் அவர்கள் மொழியில் நெருப்பு. 'ஸ்லாவா' என்றால் புகழ். நெருப்பும் புகழும் கைகோத்து நிற்கும் பெயர். வீட்டில் செல்லமாக 'வத்ரோ' என்று கூப்பிடுவார்கள். கூப்பிடும்போதே பொறி பறக்கிறதல்லவா?

இதைக் கேட்டவுடன் நாம் என்ன நினைப்போம்? ஆயிரம் ஆண்டுக்கு முன்னே எவனோ ஒரு மன்னன், வாளேந்திய வீரன், பகைவர் கோட்டைக்குத் தீ வைத்தவன், அவன் பெயராக இருக்கும் என்று நினைப்போம். இல்லை! இந்தப் பெயரைப் புகழேற்றியவன் வாளைத் தொட்டவனல்லன். இசை எழுதியவன். கோட்டையில் பிறந்தவனல்லன், குமாஸ்தாவாக வேலை பார்த்தவன். வெற்றி விழாவில் மறைந்தவனல்லன், வறுமையில் மாண்டவன். அந்தக் கதையைத்தான் கேட்க வேண்டும்.

கல்லில் நின்ற பெயர்கள்

முதலில் அந்த நாட்டுப் பெயர்கள் எப்படி அமைகின்றன என்று பார்ப்போம். பழைய ஸ்லாவியப் பெயர்கள் பெரும்பாலும் இரண்டு சொற்களை ஒட்டிச் செய்தவை. முன்னே ஒரு சொல். பின்னே 'ஸ்லாவ்' என்றோ 'மிர்' என்றோ ஒரு முடிப்பு. 'மிர்' என்றால் அமைதி. காத்தல் என்ற சொல்லோடு அமைதியைச் சேர்த்தால் பிரானிமிர். மணியோசை என்ற சொல்லோடு அமைதியைச் சேர்த்தால் ஸ்வோனிமிர். அமைதியோடு புகழைச் சேர்த்தால் மிரோஸ்லாவ். கருத்து விளங்கும் பெயர்கள். உழவனுக்கும் புரியும், உழவன் மகனுக்கும் புரியும்.

பிரானிமிர் ஒன்பதாம் நூற்றாண்டில் ஆண்டவன். 888 என்ற ஆண்டோடு அவன் பெயர் பொறித்த கல் கிடைத்திருக்கிறது. ஸ்வோனிமிர் 1075-ஆம் ஆண்டு முடி சூடியவன். கிர்க் என்னும் தீவிலே பாஷ்கா என்ற ஊருக்குப் பக்கத்தில் ஒரு சுண்ணாம்புக் கற்பலகை இருந்தது. ஏறத்தாழ 1100-ஆம் ஆண்டில் வெட்டியது. மன்னன் ஸ்வோனிமிர் ஒரு தேவாலயத்துக்கு நிலம் கொடுத்த செய்தி அதிலே இருக்கிறது. லத்தீனில் அல்ல, அந்த மக்களின் மொழியிலே, கிளகோலித்து என்ற பழைய எழுத்திலே! இன்று அந்தக் கல் தலைநகர் சாக்ரெப்பில், அறிவியல் கலைக் கழகத்தின் மாளிகையில் பாதுகாப்பாக நிற்கிறது.

பிறகு என்ன ஆயிற்று? 1102-இல் நாடு ஹங்கேரி மன்னனின் முடியின் கீழ்ப் போயிற்று. 1527-இல் ஆஸ்திரியாவின் ஹாப்ஸ்பர்க் அரச குடும்பத்தின் கீழ்ப் போயிற்று. பதினாறாம் நூற்றாண்டின் நடுவில் திரெந்து நகரில் கூடிய கத்தோலிக்கத் திருச்சபைப் பேரவைக்குப் பிறகு, ஞானஸ்நானத்தில் புனிதர்களின் பெயரையே வைக்க வேண்டும் என்ற வழக்கம் இறுகிற்று. பிரானிமிரும் ஸ்வோனிமிரும் பின்வாங்கினார்கள். இவான், யோசிப், மாத்தியா, இக்னாத்ஸ் என்று புனிதர்களின் பெயர்கள் வீடுகளை நிறைத்தன. பழைய பெயர்கள் கல்லில் இருந்தன, தொட்டிலில் இல்லை.

நான்கு மொழிகளுக்கு நடுவே

1830-க்கு வருவோம். அன்றைய குரோவேஷியாவின் நிலைமை என்ன? சட்டமன்றத்திலே பேசுகிற மொழி லத்தீன். கடைத்தெருவிலும் நாடகக் கொட்டகையிலும் படித்தவர் வீட்டுக் கூடத்திலும் ஜெர்மன். ஹங்கேரியச் சீமான்களோ, இனி ஹங்கேரிய மொழிதான் ஆட்சி மொழி என்று கதவைத் தட்டிக்கொண்டிருந்தார்கள். குரோவேஷிய மொழி? அது வயலிலே இருந்தது, சமையல் அறையிலே இருந்தது, தாலாட்டிலே இருந்தது. அந்த மொழியில் நூல்கள் இல்லாமலில்லை. ஆனால் அதிகாரத்தின் நாற்காலி அதற்கு இல்லை.

அப்போது எழுந்தான் ஓர் இளைஞன், லியூதெவித் கய். 1809-இல் பிறந்தவன். 1830-இல், இருபத்தோரு வயதில், எழுத்துச் சீர்திருத்தம் பற்றி ஒரு சிறு நூல் வெளியிட்டான். ஓர் ஒலியை ஒருவன் மூன்று எழுத்தால் எழுதுகிறான், இன்னொருவன் இரண்டு எழுத்தால் எழுதுகிறான், வேண்டாம் இந்தக் குழப்பம் என்றான். செக் நாட்டாரைப் பார்த்து, எழுத்தின் தலைமேல் ஒரு சின்னக் கொக்கி போட்டால் போதும் என்றான். ஒரு கொக்கி! அந்தக் கொக்கியைப் பிடித்துக்கொண்டு ஒரு நாடு எழுந்து நின்றது. 1835-ஆம் ஆண்டு சனவரியில் மக்கள் மொழியில் செய்தித்தாளும், அதனோடு இலக்கிய இணைப்பும் தொடங்கினான். அந்த இயக்கத்துக்கு இல்லிரிய இயக்கம் என்று பெயர். தென் ஸ்லாவிய மக்கள் அனைவரையும் ஒரு குடையின் கீழ்க் கொண்டுவர வேண்டும் என்ற எண்ணத்தில், அந்த மண்ணில் பழங்காலத்தில் வாழ்ந்த இல்லிரியர் என்ற மக்களின் பெயரைத் தங்களுக்குச் சூட்டிக்கொண்டார்கள்.

நரியும் ஓநாயும் புல்வெளியும்

மொழியை மாற்ற வந்தவர்கள் முதலில் எதை மாற்றினார்கள் தெரியுமா? தங்கள் பெயரை!

ஒருவர் பெயர் ஃபர்க்காஷ். ஹங்கேரிய மொழியில் அதற்கு ஓநாய் என்று பொருள். குரோவேஷிய மொழியில் ஓநாய்க்கு 'வுக்'. அவர் வுக்கோதினோவிச் ஆனார். இன்னொருவர் பெயர் வீஸ்னர். ஜெர்மன் மொழியில் அது புல்வெளியோடு தொடர்புடைய பெயர். இவர்கள் மொழியில் புல்வெளி 'லிவாதா'. அவர் லிவாதிச் ஆனார். இயக்கத்தின் பாட்டுக்கு மெட்டமைத்தார். அலோய்சியே என்று ஞானஸ்நானம் பெற்ற பாபுக்கிச், வியேக்கோஸ்லாவ் என்று பெயர் பூண்டார். 1846-இல் அந்த நாட்டின் முதல் தாய்மொழிப் பேராசிரியரானார்.

இந்த வரிசையில்தான் வருகிறான் நம் கதாநாயகன். 1819-ஆம் ஆண்டு சூலை 8-ஆம் நாள் சாக்ரெப் நகரில் பிறந்தவன். பெயர் இக்னாத்தியுஸ் ஃபுக்ஸ். ஃபுக்ஸ் என்றால் ஜெர்மன் மொழியில் நரி. குரோவேஷிய மொழியில் நரிக்கு 'லிசிட்சா'. ஆகவே குடும்பப் பெயர் லிசின்ஸ்கி ஆயிற்று. முதற்பெயரை என்ன செய்வது? இக்னாத்தியுஸ் என்பதில் 'இக்னிஸ்' ஒலிக்கிறது. லத்தீனில் இக்னிஸ் என்றால் நெருப்பு. நெருப்புக்குத் தாய்மொழியில் 'வத்ரா'. பழைய மன்னர்களின் பெயரில் நின்ற 'ஸ்லாவ்' என்ற வாலைச் சேர்த்தான். வத்ரோஸ்லாவ் லிசின்ஸ்கி! நரி அதே நரிதான், நெருப்பும் அதே நெருப்புத்தான். பேசுகிற நாக்கு மட்டும் மாறிவிட்டது.

இதிலே ஒரு வேடிக்கை உண்டு. மொழி நூலார் ஆராய்ந்து பார்த்தார்கள். இக்னாத்தியுஸ் என்ற பெயர் நெருப்பிலிருந்து வந்ததே அல்ல. எக்னாத்தியுஸ் என்ற பழைய ரோமானியக் குடும்பப் பெயர் அது. நெருப்போடு ஒலியில் ஒத்திருந்ததால் பிற்காலத்தார் நெருப்பு என்று நினைத்துக்கொண்டார்கள். ஆக, தவறான பொருளை மொழிபெயர்த்துப் பிறந்த பெயர் வத்ரோஸ்லாவ். அதனால் என்ன? பெயரின் பொருள் அகராதியில் மட்டுமா இருக்கிறது? அதைப் பூண்டவனின் நெஞ்சிலல்லவா இருக்கிறது!

இன்னொரு செய்தியும் கேளுங்கள். ஸ்லாவிய மொழிகளில் நெருப்புக்குப் பரவலான பழஞ்சொல் 'ஓகன்' என்பது. லத்தீனின் இக்னிசும், வடமொழியின் அக்கினியும் அதற்கு உடன்பிறந்த சொற்கள். ஆனால் 'வத்ரா' அந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததல்ல. அல்பேனியாவிலும் ருமேனியாவிலும் இதே போன்ற சொல் உண்டு; அங்கே அதற்கு அடுப்பங்கரை என்று பொருள். ஓகன் வேள்வித் தீயின் உறவு. வத்ராவோ சோறு பொங்கும் அடுப்பின் உறவு. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், தோழர்களே. கதை முடிவதற்குள் இந்த அடுப்பு நமக்குத் தேவைப்படும்.

யார் இவர்கள்?

இந்த இயக்கத்தை நடத்தியவர்கள் யார்? கலப்பில்லாத குரோவேஷியக் குருதி ஓடியவர்களா? பட்டியலைப் பாருங்கள். தலைவன் கய்யின் தாய் ஜெர்மன் குடிவழி வந்தவள். லிவாதிச் பிறந்தது இன்றைய ஸ்லோவேனியாவில். கவிஞர் ஸ்தாங்கோ வ்ராஸ் ஸ்லோவேனியர். நாடக ஆசிரியர் தெமெத்தர் கிரேக்கக் குடும்பத்துப் பிள்ளை. அகராதி தொகுத்த ஷுலெக் ஸ்லோவாக்கியர். லிசின்ஸ்கி, ஜெர்மன் பெயர் தாங்கிய குடும்பத்தில் வந்தவன்.

பிறப்பால் வந்தவர்கள் அல்லர், விருப்பால் வந்தவர்கள். 'இந்த மக்களின் மொழி என் மொழி' என்று தேர்ந்தெடுத்தவர்கள். குருதியைச் சோதித்துப் பார்த்துக் கட்சியில் சேர்த்திருந்தால் அந்த இயக்கத்தில் பாதிப் பேர்கூட மிஞ்சியிருக்க மாட்டார்கள்!

குறை ஒன்றும் சொல்ல வேண்டும், சொல்லாவிட்டால் நேர்மையாகாது. பெயர் மாற்றிக்கொண்டவர்கள் படித்தவர்கள், பாதிரிமார்கள், நகரத்தார், சிறு பிரபுக்கள். குடியானவன் எந்தப் பெயரையும் மாற்றவில்லை. அவனுக்கு அந்தத் தேவையும் இல்லை. எந்த மொழியை இவர்கள் மேடையேற்றினார்களோ அதை அவன் இடைவிடாமல் பேசிக்கொண்டே இருந்தான். ஆனால் 1848 வரையில் அவன் நிலப்பிரபுவுக்குக் கட்டுப்பட்ட பண்ணையாள். அவன் மொழிக்கு மாலை விழுந்தது. அவன் முதுகில் சுமை அப்படியே இருந்தது.

துப்பாக்கியும் பாட்டும்

வீயன்னா அரசு சும்மா இருக்குமா? 1843 சனவரியில் ஓர் ஆணை பிறந்தது: 'இல்லிரியம்' என்ற சொல்லையே பயன்படுத்தக் கூடாது! சொல்லுக்குத் தடை, ஏட்டின் தலைப்புக்குத் தடை. ஆனால் அதே ஆண்டு மே மாதம் 2-ஆம் நாள் சட்டமன்றத்தில் எழுந்தார் இவான் குக்குல்யெவிச். லத்தீன் ஒலித்துவந்த மன்றத்தில் முதன்முதலாகக் குரோவேஷிய மொழியில் உரையாற்றினார். 1845 சூலை 29-ஆம் நாள், மாவட்டத் தேர்தலை ஒட்டி சாக்ரெப்பின் புனித மாற்கு சதுக்கத்தில் கூடிய கூட்டத்தின்மீது படையினர் சுட்டார்கள். மண்ணிலே இரத்தம் சிந்திற்று. 'சூலைத் தியாகிகள்' என்று அவர்களை நாடு நினைவு கூர்கிறது.

சுட்டவர்களுக்கு என்ன பதில்? எட்டு மாதம் கழித்து அந்த நகரம் ஒரு பதில் சொன்னது. பாட்டாலே சொன்னது!

1846 மார்ச் 28. குரோவேஷிய மொழியில் எழுந்த முதல் ஆப்பெரா, பாட்டாலேயே நடக்கும் இசை நாடகம், மேடையேறிய நாள். பெயர், 'அன்பும் வன்மமும்'. இசை, இருபத்தாறு வயது வத்ரோஸ்லாவ் லிசின்ஸ்கி. எழுது எழுது என்று அவனைத் தூண்டியவன் அவன் தோழன், பாடகன் ஷ்த்ரிகா. அந்தத் தோழன் தனக்கென்று பூண்டிருந்த பெயர் 'ஓக்னியன்'. அதற்கும் நெருப்புடையவன் என்றுதான் பொருள். ஒரு நெருப்பு இன்னொரு நெருப்பை மூட்டிற்று! பாடியவர்களில் பெரும்பாலோர் தொழில்முறைப் பாடகர்கள் அல்லர். சிதோனியா ருபிதோ என்ற பிரபு குலப் பெண்மணி கதாநாயகியாகப் பாடினார். லிசின்ஸ்கிக்கு மெட்டுக் கட்டத் தெரியும்; வாத்தியங்களுக்குப் பிரித்து எழுத அப்போது போதிய பயிற்சி இல்லை. அந்த வேலையை அவனுடைய ஆசிரியர் செய்து கொடுத்தார். இப்படிக் குறையும் நிறையும் கலந்து, கூட்டு உழைப்பாலே எழுந்தது அந்த நாட்டின் முதல் ஆப்பெரா.

கொட்டகை அதிர்ந்தது. லிசின்ஸ்கியின் பெயர் நகரெங்கும் பரவிற்று.

பட்டினியின் கணக்கு

இனித்தான் நாம் கவனிக்க வேண்டிய பகுதி.

இன்னும் கற்க வேண்டும் என்று ஆசைப்பட்டான் லிசின்ஸ்கி. 1847-இல் பிராகா நகருக்குப் போனான். நண்பர்கள் பணம் திரட்ட முயன்றார்கள். இசைக் கல்லூரி, வயது கடந்துவிட்டது என்று கதவைச் சாத்திற்று. இருபத்தெட்டு வயது! தனிப்பட்ட முறையில் ஆசிரியர்களிடம் கற்றான். அங்கிருந்தபடியே, 1848-இல், 'பொரின்' என்ற இரண்டாவது ஆப்பெராவைத் தொடங்கினான். ஒன்பதாம் நூற்றாண்டில் குரோவேஷிய மக்கள் பிராங்கியரின் ஆதிக்கத்தை உதறியெழுந்த கதை அது. 'மாலைப்பொழுது' என்று வாத்திய இசையும் எழுதினான். கையில் காசு தீர்ந்தது. பட்டம் இல்லாமலே 1850-இல் ஊர் திரும்பினான்.

ஊரிலே என்ன காத்திருந்தது? அவன் வெளியூரில் இருந்தபோது, 1847 அக்டோபர் 23-ஆம் நாள், சட்டமன்றம் குரோவேஷிய மொழியை ஆட்சி மொழி ஆக்கியிருந்தது. வெற்றி! ஆனால் 1848-இன் புரட்சிகள் அடங்கியதும் வீயன்னாவின் தனியாட்சி திரும்பி வந்தது. அலுவலகங்களில் ஜெர்மன் மறுபடியும் நுழைந்தது. இயக்கம் சோர்ந்தது. மேடையில் மாலை போட்டவர்கள் வீட்டுக்குள் போய்க் கதவைத் தாளிட்டார்கள்.

முதல் ஆப்பெராவைத் தந்தவனுக்கு இசையிலே சம்பளமுள்ள ஒரு வேலை கிடைக்கவில்லை. இசைச் சங்கத்தின் பள்ளியிலே பொறுப்பு கிடைத்தது, கூலி கிடைக்கவில்லை. கௌரவப் பதவியாம்! கௌரவத்தை உலையில் போட்டால் சோறாகுமா? நீதிமன்றக் குமாஸ்தாவாகப் பிறர் வழக்குகளை எழுதினான். சுரம் எழுதிய கை, தீர்ப்புகளுக்குப் படியெடுத்தது. நாளடைவில் இசை எழுதுவதே நின்றுபோயிற்று.

1854 மே 31. வத்ரோஸ்லாவ் லிசின்ஸ்கி இறந்தான். வயது முப்பத்து நான்கு.

'பொரின்' என்ன ஆயிற்று? அவன் உயிரோடிருந்தவரையில் மேடையைப் பார்க்கவில்லை. 1897-ஆம் ஆண்டுதான் அது அரங்கேறியது. எழுதியவன் மண்ணுக்குள் போய் நாற்பத்து மூன்று ஆண்டு கழித்து! 1973-இல் சாக்ரெப் நகரில் ஒரு பெரிய கச்சேரி மண்டபம் திறந்தார்கள். அதற்கு அவன் பெயரையே வைத்தார்கள். இன்றும் அந்த நகரத்தின் தலையாய இசை மண்டபம் அதுதான். வாழ்ந்த நாளில் ஒரு மாதச் சம்பளம் இல்லை. மறைந்த பிறகு மண்டபம்!

'வத்ரா' என்ற சொல்லுக்கு அடுப்பு உறவு என்றோமே, இப்போது நினைத்துப் பாருங்கள். பெயரிலே நெருப்பு இருந்தது. வீட்டு அடுப்பிலே இல்லை. இதற்கு யார் பொறுப்பு? வீயன்னாவின் கொடுங்கோல் என்று சொல்லித் தப்பித்துக்கொள்ளலாம். அதிலும் உண்மை உண்டு. ஆனால் கைதட்டியவர்கள் எங்கே போனார்கள்? மக்களுக்காகப் பாடியவனைக் காப்பாற்றும் கடமை, அந்தப் பாட்டால் பெருமையடைந்தவர்களுக்கு இல்லையா?

இன்னொரு நெருப்பு

லிசின்ஸ்கிக்குப் பிறகு அந்தப் பெயர் நிலைத்துவிட்டது. 1838-இல் வராஷ்தின் நகரில் பிறந்தார் யாகிச். அவரும் இக்னாத்ஸ்தான், அவரும் வத்ரோஸ்லாவ் ஆனார். ஸ்லாவிய மொழிகளின் ஆராய்ச்சியில் ஐரோப்பாவே வணங்கிய அறிஞர் அவர். ஆனால் 1870-இல் அரசியல் காரணத்துக்காக சாக்ரெப்பில் ஆசிரியர் வேலையிலிருந்து நீக்கப்பட்டார்.

நாடு தள்ளியது, உலகம் தூக்கிக்கொண்டது. ஒதெசாவிலே பேராசிரியர், பெர்லினிலே பேராசிரியர், பீட்டர்ஸ்பர்க்கிலே பேராசிரியர், கடைசியில் வீயன்னாவிலே பேராசிரியர். பழைய ஸ்லாவியச் சுவடிகளைத் தூசி தட்டிப் பதிப்பித்தார். ரஷ்யர்கள் அவரை இக்னாத்தி என்றே அழைத்தார்கள். தாயகத்தாருக்கோ அவர் வத்ரோஸ்லாவ். 1923-இல் மறைந்ததும் அவர் உடலைப் பிறந்த ஊருக்குக் கொண்டுவந்து புதைத்தார்கள். மறுபடியும் அதே கதை! வாழும்போது வெளியே, மாண்டபின் உள்ளே.

பெயரைத் திருடியவர்கள்

இதைவிடக் கொடுமை ஒன்று நடந்தது. 1941-இல் ஹிட்லரும் முசோலினியும் யூகோஸ்லாவியாவைத் துண்டாடினார்கள். அவர்களுடைய நிழலில் குரோவேஷியாவிலே உஸ்தாஷா என்ற பாசிசக் கும்பல் ஆட்சி அமைத்தது. தூய மொழி என்றார்கள். தூய இனம் என்றார்கள். அந்த ஆட்சியின் கீழே, 1944-இல், அந்த நாட்டின் முதல் முழுநீளப் பேசும் படம் வெளிவந்தது. படத்தின் பெயர், 'லிசின்ஸ்கி'! பட்டினியால் வாடிய இசைவாணனின் கதை, பாசிசத்தின் கொட்டகையிலே ஓடிற்று.

கொட்டகைக்கு வெளியே என்ன நடந்தது? யாசெனோவாத்ஸ் என்ற வதை முகாமில் செர்பியரையும் யூதரையும் ரோமா நாடோடி மக்களையும், பாசிசத்தை எதிர்த்த குரோவேஷியரையும் கொன்று குவித்தார்கள். இன்று அங்கே நினைவிடம் இருக்கிறது. ஒவ்வொருவராகத் தேடி எடுத்து, 83,145 பேரின் பெயர்களைப் பட்டியலிட்டிருக்கிறார்கள். அவர்களில் குழந்தைகள் மட்டும் இருபதாயிரத்துக்கு மேல். அந்தக் குழந்தைகளுக்கும் பெற்றவர்கள் ஆசையோடுதான் பெயர் வைத்தார்கள்!

ஃபுக்ஸ் லிசின்ஸ்கி ஆனது எதனாலே? தேர்ந்தெடுக்கும் உரிமையாலே. தெமெத்தரும் ஷுலெக்கும் வ்ராசும் அந்த மக்களுக்கு உழைத்தது எதனாலே? வருகிறவனை வரவேற்ற மனத்தாலே. குருதியைக் கேட்டு மனிதனைக் கொன்றவர்களுக்கு லிசின்ஸ்கியின் பெயரைச் சொல்ல என்ன உரிமை இருந்தது? பெருமையைத் திருடினார்கள், பொருளைக் கொன்றார்கள்.

மூன்றாவது வத்ரோஸ்லாவ்

ஆனால் அந்தப் பெயரின் மானத்தைக் காக்கவும் ஒருவன் இருந்தான். வத்ரோஸ்லாவ் மிமிட்சா. 1923-இல் ஓமிஷ் என்ற கடற்கரை ஊரில் பிறந்தவன். மருத்துவக் கல்லூரி மாணவன். 1943-இல் பாசிசத்தை எதிர்த்துப் போராடிய பார்ட்டிசான் படையில் சேர்ந்து மருத்துவப் பிரிவிலே பணியாற்றினான். போர் முடிந்த பிறகு திரைப்படக் கலைஞனானான். 1958-இல் அவன் எடுத்த 'தனியன்' என்ற சித்திரப் படம் வெனிஸ் விழாவில் பரிசு பெற்றது.

1975-இல் அவன் ஒரு படம் எடுத்தான். 1573-ஆம் ஆண்டுக் குடியானவர் கிளர்ச்சியைப் பற்றிய படம். சுசெத்கிராத், ஸ்துபிட்சா என்ற பண்ணைகளின் பிரபு தாகி என்பவனின் கொடுமை தாளாமல், ஏழை உழவர்கள் ஆயுதம் ஏந்தினார்கள். அவர்கள் தலைவன் மாத்தியா குபெத்ஸ். பெயரைப் பாருங்கள், மாத்தியா! புனிதர் பெயர்தான். தூய தாய்மொழிப் பெயர் இல்லை, நெருப்பு இல்லை, புகழ் என்ற வால் இல்லை. பிப்ரவரி 9-ஆம் நாள் ஸ்துபிட்சாவில் அவர்களைத் தோற்கடித்தார்கள். அதே மாதம் சாக்ரெப்பில் குபெத்சைக் கொன்றார்கள். பழுக்கக் காய்ச்சிய இரும்பு முடியை அவன் தலையில் வைத்தார்கள் என்று மக்கள் வழிவழியாகச் சொல்லி வருகிறார்கள். பெயரில் நெருப்பில்லாதவனுக்குத் தலையிலே நெருப்பு!

நெருப்பைப் பெயராகப் பூண்ட மிமிட்சா, நெருப்பைத் தலையில் தாங்கிய குடியானவனின் கதையைத் திரையில் ஏற்றினான். 1840-களின் பெயர் மாற்றக்காரர்கள் கவனிக்க மறந்த அந்தப் பண்ணையாளுக்கு, இன்னொரு வத்ரோஸ்லாவ் மரியாதை செய்தான். கடன் கொஞ்சம் தீர்ந்தது. மிமிட்சா 2020-இல், தொண்ணூற்றாறு வயதில் மறைந்தான்.

வத்ரோஸ்லாவ் என்ற பெயரின் மரபு இதுதான். ஆயிரம் ஆண்டுப் பழமை இல்லை. இருநூறு ஆண்டுகூட ஆகவில்லை. ஒரு சொல்லைத் தவறாகப் புரிந்துகொண்டு செய்த பெயர். ஆனாலும் அது பொய்ப் பெயரல்ல. உழைத்தவர்கள் அதற்குப் பொருள் கொடுத்தார்கள். மரபு என்பது பாட்டன் புதைத்து வைத்த புதையலா? இல்லை, பேரனும் சேர்ந்து கட்டும் வீடு.

கற்றுக்கொள்ள வேண்டிய பாடமும் அதிலேயே இருக்கிறது. பெயர் சூட்டுவது பாராட்டு அல்ல. அது ஒரு கடன் பத்திரம். ஒருவனுக்கு 'நெருப்பின் புகழ்' என்று பெயர் வைத்தால், அவன் அடுப்பு எரிவதற்கு நாமும் பொறுப்பு என்று கையெழுத்துப் போட்டதாகப் பொருள். நமக்காகப் பாடுகிறவன், எழுதுகிறவன், கொடி கட்டுகிறவன், சுவரிலே எழுத்துத் தீட்டுகிறவன், இரவெல்லாம் அச்சுக் கோக்கிறவன், இவர்களுக்கெல்லாம் நாளைக்கு மண்டபம் கட்டலாம், சிலை வைக்கலாம், பிள்ளைகளுக்கு அவர்கள் பெயரைச் சூட்டலாம். அதற்கு முன்னே, இன்று மாலை அவர்கள் வீட்டுப் பக்கம் போய்ப் பாருங்கள் தோழர்களே!

கூரையின் மேலே புகை வருகிறதா என்று பாருங்கள்.